பாடையில் சோடா கேட்ட வழக்கு

என் பெயர் இருதயமேரி. வயது அறுபத்தெட்டு. காலஞ்சென்ற சர்வேயர் தேவசகாயத்தின் மனைவி. திண்டிவனம் மரக்காணம் சாலையில் சொந்த வீட்டில் வசிக்கிறேன். கான்வென்டில் படித்தவள்.

இவ்வழக்கின் எதிரி விருத்தாசலம், பேசாப் படக் காலத்திலேயே இந்த நாட்டில் படம் எடுக்கத் துணிந்த சிலரில் ஒருவர். சென்னையிலும் பம்பாயிலும் இன்று பெயர் பெற்ற பலர் அவரிடம் தொழில் பழகியவர்கள். கான்ஸ்டபிள் துரைக்கண்ணு அவரை ‘பொம்மைக்காரன்’ என்று அழைத்ததால் இதைச் சொல்ல வேண்டியுள்ளது.

இன்று காலை ஒரு சாவுக் காட்சி எடுக்க அவருக்கு என் வீட்டைக் கொடுத்தேன். சுவரிலுள்ள இயேசுவின் திருஇருதயப் படத்தைக் கழற்றக் கூடாது, திரை போட்டுக்கொள்ளலாம் என்றேன். விழுப்புரம் நாடக நடிகர் அப்பாதுரை பிணமாகப் படுத்தார். மனைவியாக நடிக்க வேண்டியவர் வராததால் என்னை உட்காரச் சொன்னார்கள். என் கணவருக்கு அழுததற்கு மேல் அழ மாட்டேன் என்று கூறி உட்கார்ந்தேன்.

அதன்பிறகு கூலிக்கு வந்திருந்த கூட்டேரிப்பட்டு ஒப்பாரிக்காரி பாஞ்சாலியும் அவருடன் வந்த பெண்களும் ஒப்பாரி வைத்தார்கள். விருத்தாசலம் போதும் என்றார். அவர்கள் நிறுத்தவில்லை.

“பொணத்த எடுக்காம ஒப்பாரிய நிறுத்தினா ஊட்டுக்கு ஆவாது சாமி. எடுத்துக்கினு போங்க.”

“இது நடிப்பும்மா.”

“படுத்துக்கினு இருக்கிறவரு நடிக்கட்டும். நாங்க நெஜமாத்தான் அழுவுறோம்.”

வீடு என்னுடையது என்பதால் நானும் பாஞ்சாலி பக்கமே பேசினேன். விருத்தாசலம் சற்று யோசித்துவிட்டு, பாடையைத் தூக்கச் சொல்லி, கேமராவை வைக்கோல் வண்டிக்குள் மறைத்து முன்னால் ஓட்டச் செய்தார். கேமராவைக் கண்டால் மனிதர்கள் முகத்தை மாற்றிக்கொள்வார்கள் என்பது அவர் கொள்கை.

சாலையில் பேருந்து நின்றது. பயணிகள் இறங்கி, வழக்கப்படி ஆளுக்குச் சற்று தூரம் தோள் கொடுத்தார்கள். அப்போது பணியிலிருந்த துரைக்கண்ணு தொப்பியைக் கழற்றிவிட்டு, “எங்க அப்பாரு மாதிரியே படுத்துக்கினு இருக்காரே” என்று அழுதுகொண்டே தோள் கொடுத்தார். அதன்பிறகு வெயில் பொறுக்காத அப்பாதுரை பாடையில் எழுந்து உட்கார்ந்து, “யோவ், ஒரு சோடா வாங்கிக் குடுங்கய்யா” என்றார். தூக்கியவர்கள் அவரைப் போட்டுவிட்டு ஓடினார்கள். துரைக்கண்ணு சாலையோர மல்லாட்டைக் கொல்லையில் கடலைச் செடிகள் மேல் விழுந்தார். எழுந்து வந்து, பொதுமக்களை ஏமாற்றியதாகக் கூறி விருத்தாசலத்தையும் படம் பிடித்த ஃபிலிம் டப்பாவையும் நிலையத்துக்குக் கொண்டுவந்தார். நானும் பின்னால் வந்தேன்.

இங்கே துரைக்கண்ணு டப்பாவில் ஒட்டியிருந்த கறுப்பு நாடாவை நகத்தால் பிரிக்கத் தொடங்கினார்.

“ஐயா, தொறந்தா வெளிச்சம் பட்டு உள்ள ஒண்ணுமே இருக்காது” என்றார் விருத்தாசலம்.

“ஒண்ணுமே இல்லாத டப்பாவுக்கு எதுக்குய்யா இப்படிப் பதறிக்கினு இருக்க?”

காலை முதல் வெயிலில் நின்றும் தளராத அந்த எழுபது வயதுக்காரர் அப்போது பெஞ்சைப் பிடித்துக்கொண்டார். நான் டப்பாவை வாங்கி மடியில் வைத்துக்கொண்டேன். இது சாட்சியப் பொருள், ஃபிலிமைச் சென்னையில் கழுவி மாஜிஸ்திரேட் முன் திரையில் காட்டினால் உண்மை விளங்கும் என்று இன்ஸ்பெக்டரிடம் கூறினேன்.

“நானும் தெரிவேனாம்மா?” என்று துரைக்கண்ணு கேட்டார். மூன்று ஆள் உயரத்துக்குத் தெரிவீர் என்றேன்.

“நான் அழுவலிங்க, கண்ணுல தூசி” என்றவர், சற்றுப் பொறுத்து விருத்தாசலத்திடம் போய், “அழுவுறது நல்லா வந்துக்குதாங்க?” என்று மெதுவாகக் கேட்டார்.

“முப்பது வருஷமா எந்த நடிகனும் எனக்கு அப்படி அழுதது கிடையாது” என்றார் விருத்தாசலம்.

அதன்பிறகு துரைக்கண்ணு டப்பாவைத் திறக்கச் சொல்லவில்லை. இன்ஸ்பெக்டர் இன்னும் சொல்லிக்கொண்டிருக்கிறார். மாஜிஸ்திரேட் உத்தரவு வரும்வரை இந்த டப்பா என் மடியை விட்டு இறங்காது.

இதில் எழுதியுள்ளவை எல்லாம் நான் கண்டதும் சொன்னதும்தான். படித்துக் காட்டக் கேட்டு, சரியென்று ஒப்புகிறேன். வலது கை டப்பாவின் மூடி மேல் இருப்பதால் இடது கையால் ஒப்பமிடுகிறேன். எழுத்து கோணியிருப்பதற்கு வேறு காரணம் இல்லை.

(ஒப்பம்) தே. இருதயமேரி