பாசியன் வந்த வழி

"மேல ஓடுங்க! கொழந்தைங்கள மொதல்ல தூக்குங்க!"

சடையன் மாமா கத்துகிறார். என் வீட்டுக்காரருக்குத் தாய்மாமன். ஊரில் அவர் சொன்னால் சொன்னதுதான். ஆடி மாதம். செவ்வாய்க்கிழமை. விடிகிற நேரம். விர்ரென்று ஒரு சத்தம். பிறகு டமார். சாமை மூட்டை அடுக்கிய கொட்டகை எரிகிறது. எல்லாரும் மேட்டுக்கு ஓடுகிறார்கள், காவலூர் தொலைநோக்கிக் கட்டடத்துப் பக்கம். நான் மட்டும் கீழே ஓடுகிறேன். கரையில், பரண்மேல் என் வீட்டுக்காரர் ஏழுமலை நிற்கிறார். தகரம் அடிக்கிறார். டம். டம். டம். அந்தச் சத்தம்தான் படகுகளைக் கூட்டி வருகிறது. சொன்னேன். யாரும் நம்பவில்லை.

தெரியாதவர்கள் தெரிந்துகொள்ளுங்கள். கடல் ஏறி வந்தபோது ஒடுகத்தூர் மூழ்கியது. ஜவ்வாது மலை தீவானது. சரிவுக் காடு தண்ணீருக்குள் அப்படியே நின்றது. எந்தப் படகு வந்தாலும் பட்ட மரம் குத்தி அடி கிழியும். அதுதான் எங்களுக்குக் கோட்டை. எங்கள் ஊற்றுத் தண்ணீருக்காகச் சண்டைக்கு வந்த கீழ்க்கடல்காரர்கள் தூரத்திலேயே நின்றார்கள். அவர்கள் குண்டு கரையைத் தொடவில்லை.

கடலோடு பாசியன் என்ற விலங்கும் வந்தது. பேருந்து நீளம். முதுகு முழுக்கப் பாசி. அசையாமல் கிடந்தால் பாறை என்று ஏறி நிற்பீர்கள். மீனைத் தொடாது. மனிதரைத் தொடாது. ஊறிய மரத்தைத்தான் தின்னும். அது மேய்ந்த இடத்தில் படகு போகிற அளவுக்கு வழி விழும். குட்டி தொலைந்தால் தாடையைத் தட்டும். டக். டக். டக். தாய் எங்கிருந்தாலும் வந்து சேரும். மூழ்கிய ஒடுகத்தூரில் என் அப்பா பரிசல் விட்டார். விளிம்பைத் தட்டி அதை வரவழைப்பார். நான் கண்ணால் பார்த்திருக்கிறேன்.

மலைக்காரர்களுக்குத் தெரிந்தது காட்டுப்பன்றி. பயிருக்குள் பன்றி இறங்கினால் பரணில் ஏறித் தகரம் அடிப்பார்கள். ஓடிவிடும். பாசியனுக்கும் அதையே செய்தார்கள். அடிக்க அடிக்க அது கிட்ட வந்தது. மரத்தைத் தின்றுகொண்டே வந்தது. பின்னாலேயே படகுகள்.

"யாரோ கூப்புட்றாங்க" என்றது ஊர். யார்? கீழே இருந்து வாழ வந்தவள். சர்ச்சுக்குப் போகிறவள். சாயங்காலம் கரையில் குந்தி உப்புச் சுரண்டுகிறவள். நான்தான். ஸ்டெல்லா. என் உப்பு மட்டும் எல்லார் குழம்புக்கும் வேண்டும். தண்ணீருக்குப் போனால் பின்னால் ஒரு ஆள். துணி துவைத்தால் எட்டிப் பார்ப்பார்கள், சத்தம் போட்டுக் கூப்பிடுகிறேனா என்று. அடப்பாவிகளா, அடிக்காமல் எப்படித் துவைப்பது? நானும் யாரையும் நம்பவில்லை. யாராவது சோறு கொடுத்தால் மோந்து பார்த்துத்தான் தின்றேன்.

முந்தின நாள் சாயங்காலம் ஏழுமலையிடம் சொன்னேன்.

"தகரத்த வுடுயா. குட்டி கூப்புடுதுன்னு நெனச்சிதான் அது வருது."

அவர் என் கையைப் பார்த்தார். முகத்தைப் பார்க்கவில்லை.

"நீ இன்னாத்துக்கு தெனம் தண்ணியாண்ட போற?"

இத்தனை வருடக் குடித்தனம். இதைக் கேட்டார். அவர் பரணுக்குப் போய்விட்டார்.

இப்போது ஓடுகிறேன். கரை தெரிகிறது. பாசியன் தெரிகிறது. வாயில் முழுசாக ஒரு புங்கமரம். அதன் பின்னால் படகுகள், வாத்துக் குஞ்சு மாதிரி வரிசையாக. கரையில் மூன்று பரண். மூன்றிலும் தகரம். நடுப்பரணில் ஏழுமலை.

"யோவ்! நிறுத்துயா! தகரத்த நிறுத்து!"

"அவள புடிங்கடா! சைகை காட்றா!"

சடையன் மாமா இரண்டு ஆட்களோடு என்னைத் துரத்தி வந்திருக்கிறார். கையை முறுக்குகிறார்கள். முகம் மண்ணில். கண்ணுக்கு ஒன்றும் தெரியவில்லை. காது மட்டும். டம். டம். இடப்பக்கம் கேட்கிறது. வலப்பக்கம் கேட்கிறது. நடுவில் கேட்கவில்லை. விர்ர். டமார்.

மற்ற இரண்டு பரண்காரர்களும் தகரத்தைப் போட்டுவிட்டு ஓடினார்கள். சத்தம் நின்றது. பாசியன் திரும்பியது, வந்த வழியிலேயே. படகுகளுக்கு ஒதுங்க இடமில்லை. மரங்களில் ஏறிக் கிழிந்தன. அதனால்தான் உயிரோடு இருந்து இதைச் சொல்கிறேன்.

ஊர் வேறு மாதிரி சொல்கிறது. "பாத்தியா, அவள புடிச்சதும் பாசியன் போய்டுச்சி." இன்றைக்கும் என் பின்னால் ஒரு ஆள் வருகிறான்.

போனது இவ்வளவு. ஒரு வருடத்துச் சாமை. ஏழு வீடு. கொட்டகைக்குப் பக்கத்தில் கட்டியிருந்த இரண்டு உழவு மாடு. நடுப்பரண். ஒன்பது பேர். ஒன்பதாவது ஏழுமலை. அவர் தகரம் முதலில் நின்றது, குண்டு பிறகு விழுந்தது. என் காது அப்படித்தான் சொல்கிறது. என் குரலைக் கேட்டுத்தான் நிறுத்தினார் என்று சொல்கிறது. அந்தக் காதையும் நான் நம்புவதில்லை.