முதுகு காட்டிப் பேசியவள்

கள்ளக்குறிச்சியிலிருந்து சென்னைக்குப் போகும் பஸ்ஸில் ஜன்னலோர சீட் கிடைத்துவிட்டால் எனக்கு வேறொன்றும் வேண்டாம், சார். சினிமா தணிக்கைக் குழுவில் என்னை உறுப்பினராகப் போட்ட பிறகு அந்தப் பயணம் அடிக்கடி வாய்த்தது. அதற்கு முன் தமிழாசிரியராக இருந்தேன்.

ஜெயசுதா எடுத்தது கல்வராயன் மலைச் சாராயத்தைப் பற்றிய ஆவணப்படம். மூங்கில்துறைப்பட்டில் கரும்பு வெட்டும் குடும்பத்துப் பெண். நன்றாகவே எடுத்திருந்தாள். அதில் ஒருத்தி கேமராவுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, குடித்துச் செத்த தன் புருஷனைப் பற்றிப் பேசினாள். சரக்கு வந்த வண்டியின் அடையாளத்தையும் சொன்னாள். அது என் மச்சான் கண்ணாயிரத்தின் வண்டி. என் மனைவிக்கு ஒரே தம்பி.

அந்த இடத்தை வெட்டச் சொன்னேன்.

"அத எடுத்துட்டா படத்துல இன்னா சார் இருக்கு?" என்றாள் ஜெயசுதா.

டீ வாங்கிக் கொடுத்து மெதுவாகத்தான் கேட்டேன். "யாரையோ நடிக்க வச்சு எடுத்துக்கினு வந்து, நிசம்னு சொல்றியாம்மா?"

அவளுக்குச் சுருக்கென்றது. "நடிப்பு இல்ல சார். வெள்ளிமலைக்கு மேல சின்னப்பொண்ணுன்னு கேளுங்க, வூட்ட காட்டுவாங்க."

ஊர்க்காரன் என்று நம்பிச் சொன்னாள்.

நான் போகவில்லை. மலை ஏறினால் மூச்சு வாங்கும். மச்சானிடம் பெயரைச் சொன்னேன். இன்னது செய் என்று சொல்லவில்லை. "நான் பாத்துக்கிறேன் மாமா, நீங்க சாப்புடுங்க" என்றான். சாப்பிட்டேன்.

சின்னப்பொண்ணைக் கிணற்றிலிருந்து தூக்கியபோது வாயில் துணி அடைத்திருந்ததாம்.

ஜெயசுதா படத்தின் முடிவில் சின்னப்பொண்ணின் முகத்தையும் பெயரையும் சேர்த்துக்கொண்டு திரும்பி வந்தாள். இனி மறைக்க ஒன்றுமில்லை என்றாள். பொது அமைதி கெடும் என்று அதையும், அவள் பேசியது முழுவதையும் எடுக்கச் சொன்னேன். குழுவில் அந்தப் பக்கத்து ஆள் நான் ஒருவன்தான் என்பதால் மற்றவர்கள் தலையாட்டினார்கள்.

இந்த முறை ஜெயசுதா சண்டை போடவில்லை. "எடுத்துடுங்க சார். அவங்கள நான்தான் சாவடிச்சிட்டேன்" என்று அழுதாள்.

"அப்படியெல்லாம் நெனைக்காதம்மா" என்று தேற்றி அனுப்பினேன்.

பெயரைக் கேட்டு வாங்கியவனும் நான், கொடுத்தவனும் நான். தெரிந்தேதான் கொடுத்தேன். கொலைக்கு உடந்தை என்று எழுதுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். படத்தைக் கெடுத்தேன் என்று மட்டும் எழுதாதீர்கள், சார். நான் கை வைத்த பிறகுதான் அதற்கு 'யு' சான்றிதழ் கிடைத்தது. இப்போது குழந்தைகளோடு உட்கார்ந்து பார்க்கலாம்.