எட்டாம் பக்கத்துக் கண்ணாடித் தீவு

காபி ஆறுகிறது, இன்ஸ்பெக்டரம்மா. அந்தச் சோம்பு பிஸ்கட்டையும் எடுத்துக்கொள்ளுங்கள். இரண்டாவது எடுத்தாலும் எண்ண மாட்டேன். இந்த ஊரில் அப்படிச் சொல்பவன் நான் ஒருவன்தான்.

என் தொழில் உங்களுக்குத் தெரியும். கடல் வற்றும் வேளையில் ஆட்களைச் சேற்றுவெளியில் நடத்திக் கூட்டிப்போய், நீர் திரும்புவதற்குள் கரை சேர்ப்பேன். முப்பத்தொரு வருஷத்தில் தொலைந்தவை மூன்று செருப்பு, ஒரு பல்செட். டாக்டர் செயார்டாவை அந்தப் பட்டியலில் சேர்ப்பதா என்பதை நீங்களே தீர்மானியுங்கள்.

புத்தகத்தைச் செய்தது நான்தான். போன குளிர்காலத்தில் மழை விடவே இல்லை, எனக்கும் வேலை இல்லை. தேவாலயப் பதிவேடுகளில் எழுதாமல் கிடந்த பழைய தாள்கள், அக்ரூட் தோலில் காய்ச்சிய மை, அவ்வளவுதான் செலவு. மறுவுலகங்களின் வரைபட நூல், ஏழு பக்கம். பசுமாடுகள் நீதி சொல்லும் நாடு. இறந்தவர்கள் பேரம் பேசும் சந்தை. காற்று விடுமுறை எடுக்கும் தீவு. எல்லாவற்றுக்கும் திசைக்குறி, அளவுகோல், எல்லைக்கோடு. மூன்றாம் பக்கத்தில் ஓர் உருளைக்கிழங்கு வயலும் போட்டேன். யாராவது கண்டுபிடிப்பார்கள், சிரித்துவிட்டு ஆளுக்கொரு கோப்பை குடித்து வீட்டுக்குப் போவோம் என்று நினைத்தேன்.

தேவாலயத்து ஆர்கன் வாத்தியத்தைத் துடைத்த நாளில், அதன் குழாய்களுக்குப் பின்னால் புத்தகம் 'கிடைத்தது'. மரபுக் கழகத் தலைவர் டாக்டர் செயார்டா, கூடியிருந்தவர்கள் முன்னால் பதினொரு நிமிஷம் புரட்டினார்.

"பதிமூணாம் நூற்றாண்டு. சந்தேகமே இல்ல."

ரொட்டிக்கடை நடத்தும் என் மனைவி ஹிஸ்கெ கையைத் தூக்கினாள். "டாக்டர், அப்ப இங்க ஏது உருளைக்கிழங்கு?"

"இங்க இல்லம்மா. மறுவுலகத்துல இருந்திருக்கு. படத்தைச் சரியாப் பாரு."

"ஓ, அங்கேருந்துதான் மூட்டை இறக்குனாங்களா?"

கூடம் குலுங்கியது. டாக்டர் மட்டும் சிரிக்கவில்லை. "ரொட்டி சுடுறவங்க ரொட்டியைச் சுட்டாப் போதும்" என்றார். அதற்கு ஹிஸ்கெயே சிரித்துவிட்டாள். ஆகவே பழிவாங்கல் என்றெல்லாம் எழுதிக்கொள்ளாதீர்கள். எனக்கு அவர்மேல் கோபமே இல்லை. ஆர்வம்தான். இந்த மனிதர் வாயிலிருந்து 'தெரியாது' என்ற சொல் ஒரு தடவையாவது வருமா? வந்த கணமே எல்லாவற்றையும் சொல்லி நிறுத்திவிடுவது என்று எனக்கு நானே வாக்குக் கொடுத்தேன்.

எட்டாம் பக்கத்தை அதற்காகத்தான் வரைந்து உள்ளே செருகினேன். புத்தகத்தில் ஏழு பக்கம்தான் இருந்தது என்பது ஊருக்கே தெரியும்.

"எட்டு முதல்லேருந்தே இருந்துச்சு" என்றார் டாக்டர். "நான்தான் வெளியிடாம வச்சிருந்தேன்."

செப்டம்பரில் கடல் மிகத் தாழ வற்றும் காலையில் கண்ணாடித் தீவு எழும். கற்றவன் ஒருவன் மணல்மேட்டில் தனியாக நிற்க வேண்டும். நீர் மார்புவரை வந்து சோதிக்கும். அசையாதவனைக் கண்டால் பின்வாங்கும். இதுதான் பக்கத்தின் சாரம்.

நம்புவாரா என்று கேட்கிறீர்கள். நம் ஊர்ச் சுபாவத்தை யோசியுங்கள். அரசர்கள் வருவதற்கு முன்பே நமக்கு நீர் வாரியம் வந்துவிட்டது. கடல் எதுவரை வரலாம் என்று தீர்மானம் போட்டு, முத்திரை குத்தி, அணையில் கோடு கிழிக்கிறோம். கடலும் பெரும்பாலும் கேட்கிறது. எழுதி வைத்தால் தண்ணீர் படிக்கும் என்று நம்புகிறவர்கள் உலகத்திலேயே நாம்தான்.

அருமையான காலை அது. கடல்நாய்கள் வெயில் காய்ந்தன. டாக்டர் கழுத்துப்பட்டை கட்டி வந்திருந்தார், தீவில் வரவேற்பு இருக்கும் என்று. மணல்மேட்டில் தடியை ஊன்றி நின்று, தொழில் தர்மப்படி எச்சரித்தேன்.

"டாக்டர், நமக்குப் பின்னால இருக்கிற வாய்க்கால்தான் முதல்ல நிறையும். திரும்பி வர வழி தெரியுமா?"

"உன்னை விட நல்லாவே தெரியும். நீ பக்கத்துல நின்னா தீவு எழும்பாது. கெளம்பு வீப்ரென்."

கிளம்பினேன். வழிகாட்டி ஆட்களை விட்டுப் போகக் கூடாது என்பது விதி. போகச் சொன்னால் நிற்கலாமா என்று விதியில் இல்லை. இடுப்பளவு நீரில் வாய்க்காலைத் தாண்டி அக்கரையில் உட்கார்ந்து, ஹிஸ்கெ கட்டித் தந்த பாலாடைக்கட்டி ரொட்டியைப் பிரித்தேன். என் தட்டைப் படகு காலடியில் கட்டிக் கிடந்தது.

நீர் அவருடைய கணுக்காலுக்கு வந்தது. முழங்காலுக்கு வந்தது. டாக்டர் கைகட்டி அசையாமல் நின்றார், பக்கத்தில் எழுதியிருந்தபடியே. மார்புக்கு வந்து, அங்கேயும் நிற்காமல் ஏறியபோதுதான் என் பக்கம் திரும்பினார்.

"வீப்ரென்! வழி தெரியலப்பா! எனக்கு எதுவுமே தெரியாதுப்பா!"

காற்று என் பக்கமாக வீசியது. ஒவ்வொரு எழுத்தும் தெளிவாகக் கேட்டது. மூன்று தடவை சொன்னார்.

நான் ரொட்டியைத் தின்று முடித்தேன். யோசித்துப் பாருங்கள், கழகக் கூட்டத்தில், நாலு பேர் முன்னால் சொல்லியிருக்க வேண்டிய சொல் அது. நடுக்கடலில் கழுத்தளவு நீரில் சொன்னால் யார் குறித்துக்கொள்வது? அதனால் அதை நான் கணக்கில் சேர்த்துக்கொள்ளவில்லை.

மற்றபடி, கொடுத்த வாக்கை நான் ஒருநாளும் மீறியதில்லை.