கான்ஸ்டாண்டிநோபிளும் ஒரு மடையும்

மரக்காணத்திலிருந்து திண்டிவனம் போகும் காலைப் பேருந்தில், குரூப் ஃபோர் தேர்வெழுதப் போகிற ஒருவர் பக்கத்திலிருந்த நண்பரிடம் சொன்னார்:

"கான்ஸ்டாண்டிநோபிள் விழுந்ததுல என் உப்பள வேலை போச்சுப்பா."

"அது எந்தக் காலத்துலயோ விழுந்த ஊராச்சேடா."

"வேலை போன அன்னிக்குத்தான் உப்பளத்துல உக்காந்து அதப் படிச்சேன். கோட்டையில ஒரு சின்னக் கதவ மூட மறந்துட்டாங்களாம். துருக்கிக்காரங்க உள்ள வந்துட்டாங்களாம். எவ்ளோ முட்டாளுங்கன்னு சிரிச்சிட்டே இருந்தேன். இங்க பாத்தி மடைய நான் அடைக்கல. தண்ணி பூந்து, விளைஞ்ச உப்பு பூரா கரைஞ்சிடுச்சு."

"மொதலாளி திட்டுனாரா?"

"இல்ல. 'இனிமே வூட்லயே உக்காந்து படிப்பா'ன்னுட்டாரு. இந்தப் பரீட்சைய விட்டா வேற கதி இல்ல."

"அந்தக் கேள்வி வந்தா ஒரு மார்க்கு உறுதி."

"எப்படி விழுந்துச்சுன்னு கேட்டா உறுதி. எந்த வருஷம்னு கேட்டாதான் கஷ்டம். அதப் படிக்கறதுக்குள்ள மேஸ்திரி கத்திட்டாரு."