பிளஸ் மைனஸ் மாத்திப் போட்ட பெட்டி

ஐயோ, அதைத் தொட்டுடாதீங்க. பாக்கத்தான் சும்மா கருப்புப் பெட்டி. இப்படி ஸ்டூல்ல வந்து உக்காருங்க. உங்க ரேடியோ எங்கேயும் ஓடிப் போகாது. அவசரமா? ஒரு பன்னெண்டு நிமிஷம்தாங்க, அதுக்கு மேல பிடிச்சு வைக்க மாட்டேன். என்ன சொன்னீங்க, வீட்டுல பேச்சுத் துணைக்கு இது ஒண்ணுதானா? வேற யாரும் இல்லையா? சரி சரி, சும்மா கேட்டேன்.

இங்க வர்ற பொம்பளைங்களை எல்லாம் தங்கச்சின்னுதான் கூப்பிடுவேன், வயசானவங்கன்னா அக்கா. உங்களை ஏன் ரெண்டுலயும் சேர்க்கலைன்னு பாக்கறீங்களா? அது கிடக்கட்டும், முதல்ல அந்தப் பெட்டி கதையைக் கேளுங்க.

நாடகக் கொட்டகைக்காரங்களோட ஸ்பீக்கர் அது. உள்ளே இருக்கற கம்பிச்சுருள் எரிஞ்சு போய் வந்துச்சு. எனக்கு ஒரு பழக்கம், ஸ்பீக்கரைப் பிரிக்கும்போது பிளஸ் பக்கம் ஒரு சொட்டு நகப்பாலிஷ் வச்சுடுவேன். திரும்ப வயர் வைக்கும்போது குழம்பாது பாருங்க. பாலிஷ் என் பொண்டாட்டியோடது, கேக்காம கொள்ளாம எடுத்துட்டு வந்தேன். இதோ குப்பி. உங்க விரல்லயும் இதே கலர்தான் போல. நல்லா எடுப்பா இருக்குங்க.

இருபத்திரண்டு வருஷத்துல ஒரு தடவைகூட பாலிஷை மாத்தி வச்சதில்லை. இன்னைக்குக் காலையில வீட்டுல சண்டை. என்னன்னா, நான் அவகிட்ட பேசவே மாட்டேங்கறேனாம். வாயைத் திறந்தா முத்தா உதிர்ந்துடும்னு கேட்டா. நான் ம்னு சொன்னேன். அதுக்கும் சேர்த்து வாங்கிக் கட்டிக்கிட்டேன். சிரிக்கறீங்க, இப்ப நான் பேசற பேச்சைப் பாத்தா உங்களுக்கு நம்பிக்கை வராதுதான். அந்தக் கடுப்புல வந்து வேலையில உக்காந்தவன் பாலிஷை மைனஸ்ல வச்சுட்டேன்.

அப்படி வயர் மாறினா என்ன ஆகும்னா, ஸ்பீக்கரோட காகிதக் கூம்பு வெளியே தள்றதுக்குப் பதிலா உள்ளே இழுக்கும். மத்த பெட்டின்னா அவ்வளவுதான், வித்தியாசமே தெரியாது. இது என்னமோ எல்லாத்தையும் சேர்த்து இழுக்குது. சோதிச்சுப் பாக்கலாம்னு சுவிட்சைத் தட்டினேன். தரைக்கு அடியில யாரோ கொட்டாவி விட்ட மாதிரி ஒரு சத்தம், அலையா வந்து வயித்துக்குள்ள போச்சு. பாத்தா, குடிச்சு வச்ச டீ கிளாஸ்ல மறுபடியும் நிறைய நிக்குது. கடிகாரம் பன்னெண்டு நிமிஷம் பின்னாடி. பெட்டிக்குப் பின்னால நிக்கற ஆளுக்குத்தான் நடந்தது ஞாபகம் இருக்கும், மத்தவங்களுக்கு எல்லாம் புதுசு. நான் என்ன பண்ணேனா? அந்த டீயைக் குடிச்சேன். மனுஷனுக்கு வேற என்னங்க தோணும்?

ஆனா ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒண்ணு மாறிப் போகுது. முதல் தட்டுல பச்சைச் சுவரு நீலமாச்சு. ரெண்டாவதுல என் மீசை போச்சு. மூணாவதுல பக்கத்துக் கடை தையல்காரர் முடிவெட்டறவர் ஆயிட்டார். கேட்டா, ஊசியை நான் கையால தொட்டதே இல்லைங்கறார். நல்லாத்தான் வெட்டறார், குறை சொல்ல முடியாது. நாலாவதுல என் மச்சான் போன் பண்ணி மன்னிப்புக் கேட்டான். ராங் நம்பர்னு சொல்லி வச்சுட்டேன்.

தெரிஞ்சும் ஏன் திரும்பத் திரும்பத் தட்டினேன்னு கேக்கறீங்க. விளையாட்டுக்கு இல்லைங்க. மத்தியானம் அவ சாப்பாட்டுக் கேரியரோட வந்தா. இதே ஸ்டூல்லதான் உக்காந்தா. காலையில நடந்தது நடந்து போச்சு, ஏதாவது பேசுங்களேன்னா. நான் திருகாணியைப் பாத்துக்கிட்டே ம்னேன். எழுந்து போயிட்டா. படியை விட்டு இறங்கறா, தண்ணி லாரி முன்னபின்ன பாக்காம வேகமா வருது. அவ விழுந்ததைப் பாத்தேங்க. என் உயிரே என்கிட்ட இல்லை. ஓடி வந்து பெட்டிக்குப் பின்னால நின்னு தட்டினேன்.

மறுபடியும் கேரியரோட வந்தா. போகாதேன்னு கையைப் பிடிச்சேன். கல்யாணமான புதுசுல பிடிச்ச கை. உடனே, என்ன தப்புப் பண்ணிட்டு வந்து நிக்கறீங்கன்னு கேட்டு, உதறிட்டுக் கிளம்பிட்டா. லாரி வந்துச்சு. அடுத்த தடவை உள்ளதை உள்ளபடி சொன்னேன். விழுந்து விழுந்து சிரிச்சா, எங்கே அந்த லாரின்னு பாக்கறதுக்கே வாசலுக்குப் போனா. அதுக்கு அடுத்த தடவை நானே போய் லாரியை மறிச்சு டிரைவரோட மல்லுக்கு நின்னேன். என்னை அடிச்சுடுவாங்களோன்னு ஓடி வந்தவ, லாரி நகர்றதைக் கவனிக்கலை.

அஞ்சாவது தடவை தட்டும்போதுதான் மரமண்டைக்கு உறைச்சுது. நாலு தடவையும் அவ கேட்டது ஒண்ணே ஒண்ணுதான். ஏதாவது பேசுங்க. உக்கார வச்சுப் பேசிக்கிட்டே இருந்திருந்தா எழுந்தே போயிருக்க மாட்டா. லாரி போற வரைக்கும் வாயை மூடறதில்லைன்னு முடிவு பண்ணிட்டேன்.

இருங்க இருங்க, எழுந்துக்காதீங்க. இதோ முடிச்சுடறேன். அந்த உறுமல் கேக்குதா? தண்ணி தெறிச்சுக்கிட்டுப் போகுது பாருங்க. முனை திரும்பிடுச்சா? திரும்பிடுச்சு. அப்பாடா.

இனிமே நீங்க தாராளமாக் கிளம்பலாம். என்னது? அஞ்சாவதுல என்ன மாறிச்சா? பெருசா ஒண்ணும் இல்லைங்க. அதே நேரம், அதே செருப்புச் சத்தம், அதே நகப்பாலிஷ். கையில சாப்பாட்டுக் கேரியர் மட்டும் இல்லை. ரேடியோ இருந்துச்சு. சார், இதை ரிப்பேர் பண்ணித் தருவீங்களான்னு கேட்டா.

அதான், உங்களைத் தங்கச்சின்னு கூப்பிட எனக்கு வாய் வரலை.

பயப்படாதீங்க. நம்பணும்னும் இல்லை. இன்னொரு தட்டு தட்டினா ஞாபகம் வருமோ என்னமோ, ஆனா லாரியும் கூட வரும். நீங்க ஸ்டூல்ல உக்காரும்போதே வயரை வெட்டிட்டேன்.

ரேடியோவா? ஒரு வயர்தான் விட்டிருக்கு, ரெண்டு நிமிஷ வேலை. ஆனா ஒரு வாரம் ஆகும்னு வச்சுக்குங்க. தினம் வந்து, ஆச்சான்னு கேட்டுட்டுப் போங்க. பேச்சுத் துணைக்கு அது ஒண்ணுதான்னு சொன்னீங்களே, அது வர்ற வரைக்கும் நான் பேசறேன்.