மேட்டிலிருந்து இறங்கியவன்

— அந்த ஆணியை அப்படிப் பாக்காதம்மா. நான்தான் கழட்டினேன். என் கையாலயே.

— கார்லோட போட்டோ எங்க மாமா?

— ஸ்டோர் ரூம்ல. துணி சுத்தி வச்சிருக்கேன், ஒடைக்கல. வேணும்னா பாணேர்ல உங்க வீட்டுக்கு எடுத்துட்டுப் போயிரு. இந்தச் சுவர்ல எங்கப்பா இருக்கார். கட்கி ஃபேக்டரியில குண்டு அடைச்சவர், ஒரு நாள்கூட ஒரு மேஸ்திரிகிட்ட பேச்சு வாங்கினதில்ல. அவருக்கு மேல என் படம் இருக்கு. எங்க ரெண்டு பேர் பக்கத்துல, புடிச்ச மேட்டை விட்டுட்டு இறங்கி வந்தவன் தொங்கக் கூடாது. சந்தேகம் உண்டா?

— உண்டு மாமா.

— என்னது?

— சந்தேகம் உண்டு.

— கேட்டியா மேரி? இந்த வீட்ல இந்தக் கேள்விக்கு முதல் தடவையா ஒரு பதில் வருது.

— கேட்டுச்சு, அடுப்படி வரைக்கும் கேட்டுச்சு. ஜெனரல் டக்ளஸ் கேட்டா பட்டாளமே வாயைப் பொத்திட்டு நிக்கும். மருமவ என்ன பட்டாளமா? நிக்கோலு, நீ மொதல்ல டீயைக் குடி. பஸ்ல வந்தியா?

— ரிக்ஷா, அத்தை. மாமா, நாளைக்கு கார்லுக்கு ராணுவ விசாரணை. கடைசி நாள். நீங்க வரணும்.

— நானா?

— உள்ள வர வேண்டாம். கேட் வரைக்கும் வந்தா போதும். உங்களைப் பாத்தா அங்க எல்லாரும் எழுந்து நிப்பாங்க. அவர் தனியா நடந்து போறதும், நீங்க பக்கத்துல நடந்து போறதும் ஒண்ணு இல்ல.

— எந்த முகத்தோட நடப்பேன்? போன ஞாயிறு பூசையில கடைசி பெஞ்சுக்குப் பின்னால நின்னேன். நாப்பது வருஷமா முன் வரிசையில உக்காந்தவன். கொடி ஏத்தக் கூப்பிட வந்த சாமியார்கிட்ட முட்டி வலின்னு பொய் சொன்னேன். பழைய ஆபீசர்கள் வாட்ஸ்அப் குரூப்ல இருந்து வெளிய வந்துட்டேன். ஒருத்தனும் ஒண்ணும் கேக்கல தெரியுமா? கேட்டிருந்தாக்கூடத் தேவலை.

— அவங்க கேக்காததுக்கு வேற காரணமும் இருக்கலாம்.

— என்ன காரணம்? என் மகன்னு அவனுக்கு ஒரு சலுகை நான் கேட்டிருப்பேனா? சண்டை தொடங்கினதும் வாசுதேவனுக்கு நானே போன் போட்டேன். அந்தப் பக்கம் முழுக்க அவன்தான் ஜெனரல், கார்லோட பட்டாலியனும் அவன் கீழதான். என்ன சொன்னேன் தெரியுமா? 'வாசு, கார்லை என் மகன்னு பாக்காதே. மத்தவனை எப்படி நடத்துவியோ அப்படி நடத்து.' எந்த அப்பன் சொல்லுவான்?

— ஆமா, எந்த அப்பன்கிட்ட ஜெனரலோட போன் நம்பர் இருக்கு?

— மேரி, நீ அடுப்பைப் பாரு.

— அணைச்சாச்சு. நான் இங்கயே உக்காருதேன்.

— மாமா, எனக்கு ராணுவம் தெரியாது. ஆபீஸ்ல சர்வர் விழுந்தா என்ன பண்ணணும்னுதான் தெரியும். அவர் பண்ணினது எந்த இடத்துல தப்பு? அதைச் சொல்லுங்க. புரிஞ்சா நான் எழுந்து போயிடுறேன்.

— இப்பக் கேட்டியே, இது கேள்வி. அந்த பிஸ்கட் டப்பாவை இப்படித் தள்ளு. இதுதான் மேடு. உச்சி தட்டையா இருக்குன்னு பையன்க அதுக்குத் தோசைக்கல்லு மாதிரி, 'தவா'ன்னு பேர் வச்சிருக்கானுவ. இந்தக் கரண்டி, ரோடு. டப்பா யார் கையில இருக்கோ, ரோடு அவன் கையில. மொத்தச் சண்டைக்கும் அச்சாணி இதுதான். உன் கப்பைக் குடு.

— இன்னும் டீ இருக்கு.

— குடிச்சிட்டுக் குடு. இது கார்ல். ராத்திரியோட ராத்திரியா பின்பக்கச் செங்குத்துல ஏறி டப்பா மேல போயிட்டான். அதை நான் குறை சொல்ல மாட்டேன். அழகா ஏறினான். நானே அப்படி ஏறியிருக்க மாட்டேன்.

— இதை அவர்கிட்ட சொன்னீங்களா?

— சொல்லுத நேரம் வரல. இது என் கப். கார்லுக்குப் பின்னால ஏறிட்டிருந்த அடுத்த பட்டாலியன். சாப்பாடு, குண்டு, மருந்து எல்லாம் இவங்க முதுகுல. விடியுததுக்குள்ள மேல வந்திருப்பாங்க. கார்ல் செய்ய வேண்டியது என்ன? உக்காரணும். அடி வாங்கிட்டு அசையாம உக்காரணும். அவன் இறங்கிட்டான்.

— அப்புறம்?

— எதிரி வந்து சும்மா கிடந்த மேட்டுல ஏறி உக்காந்தான். மறுநாள் அதே மேட்டை அந்தப் பின்னால வந்த பையன்க கீழ இருந்து புடிச்சாங்க. பட்டப்பகல்ல. ஒன்பது பேர் போயிட்டாங்க. ஒருத்தன் நம்ம ரஞ்சன்காவ்ல வேலை பாக்குத ஒரு ஃபிட்டரோட பிள்ளை. டிவியில அந்த அப்பனைக் காட்டினான். நான் எழுந்து டிவியை அணைச்சேன். என்னால அந்த ஆளோட மூஞ்சியப் பாக்க முடியல.

— அணைச்சிட்டுத் தட்டைத் தள்ளி வச்சார், நிக்கோலு. ராத்திரியும் சாப்பிடல.

— மாமா, இறங்குன்னு மேல இருந்து ஆர்டர் வந்திருந்தா?

— வந்திருக்காது.

— வந்திருந்தா?

— ஏன் வரணும்? நீயே பாரு. இடது பக்கம் ஆபத்தா? பள்ளம், ஆடுகூட ஏறாது. வலது பக்கம் நம்ம பீரங்கி. குண்டு தீந்துதா? வந்துட்டிருக்கு. இந்த மேசையில எங்க வேணா தேடு, இறங்குததுக்கு ஒரு காரணம் காட்டு பாப்போம். எந்தக் கிறுக்கனும் அப்படி ஆர்டர் போட மாட்டான். அதுலயும் வாசுதேவன்! என்கிட்ட கேப்டனா இருந்தவன், நான் செதுக்கின ஆளு. அவன் அப்படி ஒரு ஆர்டர் குடுத்தான்னா அவன் ஜெனரலே இல்ல. அவனைக் குடுக்க வச்சவன் எவனோ, அவன் அந்த ஒன்பது வீட்டு வாசல்லயும் போய்த் தலை குனிஞ்சு நிக்கணும்.

— வாசுதேவன் அங்கிள்தான் குடுத்தார்.

— என்ன?

— ரேடியோவுல, அவரே பேசினார். கார்ல் நம்பாம திருப்பிக் கேட்டார். 'சார், மேல வந்துட்டிருக்காங்க, நாங்க தாங்குவோம்'னார். மறுபடியும் அதே ஆர்டர். உடனே இறங்கு. சந்தேகத்தை ஒரு தடவை கேளு, அப்புறம் செய்னு நீங்கதானே அவருக்குச் சொல்லிக் குடுத்தீங்க?

— பொய். மாட்டிக்கிட்டதும் மேலதிகாரியைக் கை காட்டுதான். என் பிள்ளை இவ்வளவு தாழ்ந்து போவான்னு...

— அவர் யார் மேலயும் கை காட்டல மாமா! விசாரணையில 'என் முடிவு'ன்னுதான் சொல்லியிருக்கார். வாசுதேவன் அங்கிளும் 'முடிவை அவர்கிட்டயே விட்டேன்'னு சொல்லிட்டார். எனக்கே போன வாரம்தான் தெரியும். நான் இப்ப இங்க வந்தது அவருக்குத் தெரியாது. தெரிஞ்சா என்கூட பேசவே மாட்டார்.

— ஆர்டர் வந்திருந்தா அதை ஏன் மறைக்கணும்? வேலை போகும், பேர் போகும். பைத்தியமா அவன்?

— ஆர்டர்னு சொன்னா, ஏன் அப்படி ஒரு ஆர்டர்னு அடுத்த கேள்வி வரும். இப்ப நீங்க கேட்டீங்களே, அதே கேள்வி. இந்த மேசையில காரணம் இல்லன்னு நீங்களே சொல்லிட்டீங்க. அப்ப அது வேற எங்கயோ இருக்கணும்ல?

— சுத்தி வளைக்காதே. நேரா சொல்லு.

— சொல்லக் கூடாதுன்னுதான் வந்தேன். கேட் வரைக்கும் கூட்டிட்டுப் போனா போதும்னு நெனச்சேன்.

— சொல்லுன்னு சொல்லுதேன்!

— கீழ வந்ததும் வாசுதேவன் அங்கிள் அவர் தோள்ல கை போட்டாராம். 'முதல்ல டக்ளஸ் சாருக்குப் போன் பண்ணு. உன்னைப் பத்திரமா இறக்கிட்டேன்னு சொல்லிடு'ன்னாராம்.

— நான் அப்படிக் கேக்கல.

— மாமா...

— நான் கேக்கல. உன்கிட்ட இப்பத்தானே சொன்னேன். என் மகன்னு பாக்காதேன்னுதான் சொன்னேன். இதை எந்தக் கோவில்லயும் வந்து சொல்லுவேன். மேரி, நீ வராண்டாவுலதானே கீரை ஆஞ்சிட்டிருந்தே? சொல்லு, நான் என்ன சொன்னேன்?

— சொன்னீங்க. என் மகன்னு பாக்காதே, மத்தவனை மாதிரி நடத்துன்னு சொன்னீங்க.

— பாத்தியா?

— அப்புறம் போனை வைக்கல. ஜன்னல் பக்கம் திரும்பிக்கிட்டீங்க. பேசி முடிச்சிட்டீங்கன்னு நான் கீரையை எடுத்துட்டு எந்திரிச்சேன். அப்பத்தான் மெதுவா சொன்னீங்க.

— மேரி.

— 'ஒரே பிள்ளை, வாசு'ன்னு.

— அது... பேச்சுவாக்குல வந்திருக்கும்.

— இருக்கும். உங்க குரல் அப்படி உடைஞ்சு நான் கேட்டதே இல்ல. உங்கப்பா அடக்கத்துலகூடக் கேட்டதில்ல. வாசுவும் கேட்டிருக்க மாட்டான். அதான் பதறிட்டான்.

— இத்தனை நாளா நீ ஏன் சொல்லல?

— என்னத்தச் சொல்ல? பிள்ளை உசுரோட வந்துட்டான்னு அந்தோனியாருக்கு மெழுகுவர்த்தி ஏத்தினவ நான். ஒன்பது வீட்ல எழவு விழுந்திருக்கு, நான் மெழுகுவர்த்தி ஏத்துதேன். நீங்க அவன் படத்தைக் கழட்டினப்போ துணி எடுத்துக் குடுத்ததும் நான்தான். எனக்கு மட்டும் என்ன முகம் இருக்கு?

— அந்த ஆர்டருக்குப் பின்னால நீங்கதான்னு தெரிஞ்சா குடும்பத்துக்கு அசிங்கம்னுதான் அவர் வாயே திறக்கல மாமா. நீங்க முன் வரிசையில உக்காரணும்னு.

— அவன் இங்க வந்திருந்தான். நிக்க வச்சே பேசினேன். கோழைன்னு சொன்னேன். அவன் அந்த ஆணிக்குக் கீழ நின்னுக்கிட்டு, 'சரிப்பா'ன்னு மட்டும் சொல்லிட்டுப் போனான்.

— டீ ஆறிப் போச்சு. வேற போடட்டா?

— வேண்டாம். நிக்கோல், நாளைக்கு எத்தனை மணிக்கு?

— பத்து மணிக்கு. கேட் வரைக்கும் வருவீங்களா?

— கேட்ல நிக்க வரல. உள்ள வருதேன். என்னை சாட்சியாக் கூப்பிடச் சொல்லு. கூப்பிடலன்னா நானே கதவைத் தட்டுவேன்.

— கார்ல் ஒத்துக்க மாட்டார்.

— அவனைக் கேக்கல. இது ஆர்டர். சந்தேகம்... சந்தேகம் இருந்தா சொல்லும்மா. கேக்குதேன்.

— இல்ல மாமா.

— மேரி, அவன் படத்தை எடுத்துட்டு வா. அப்படியே ஸ்டோர் ரூம்ல இருக்குத ஸ்டூலையும்.

— ஸ்டூல் எதுக்கு? அவன் ஆணி கைக்கு எட்டுத உயரத்துலதானே இருக்கு?

— அவன் ஆணி எட்டும். என் படத்தைத்தான் எட்டாத உயரத்துல மாட்டி வச்சிருக்கேன். கழட்டணும்.