எண்ணியாயிற்று, பதினொரு பேர்

வழிகாட்டி வேலையில் கடினமான பாடம் இடது வலதுதான். மலைகளின் பெயர்களை ஒரு வாரத்தில் மனப்பாடம் செய்துவிடலாம். ஆனால் முன்னிருக்கையில் பின்பக்கமாகத் திரும்பி, பயணிகளைப் பார்த்துப் பேசுகிறவருடைய வலது, பயணிகளின் இடது. ஒவ்வொரு முறையும் மனதுக்குள் மாற்றிச் சொல்ல வேண்டும். இல்வா நான்கு வருடம் சரியாக மாற்றிச் சொன்னாள். ஒலிப்பதிவு செய்த அன்று மட்டும் மறந்துவிட்டாள்.

தொடக்கத்திலிருந்து சொல்லச் சொன்னீர்கள். இதுதான் தொடக்கம்.

நான் ஓட்டுநர். இல்வா வழிகாட்டி, என் மனைவி. காலை எட்டு மணிக்கு ரிங்கேபுவில் புறப்பட்டு, ரோண்டானே, டோவ்ரே என்று இரண்டு மலைப் பூங்காக்களையும் ஒரே வட்டமாகச் சுற்றி, மாலை ஐந்துக்குத் திரும்புவோம். பன்னிரண்டு பேருக்கு மேல் ஏற்றுவதில்லை. சென்ற ஆண்டு செப்டம்பரில், புதிதாக வருகிறவர்கள் கேட்டுப் பழகட்டும் என்று, இல்வா பேசுவதை ஒரு நாள் முழுக்கப் பதிவு செய்யச் சொன்னார் முதலாளி ஆஸ்லாவ் அம்மா. அன்று ஒருவர் காய்ச்சல் என்று வரவில்லை. பதினொரு பேர்.

ஜனவரியில் இல்வா இறந்தாள். மூளையில் இரத்தக் குழாய் வெடித்தது. பல் துலக்கிக்கொண்டிருந்தாள். வயது இருபத்தொன்பது.

ஜூனில் பயணங்கள் மீண்டும் தொடங்கின. புது வழிகாட்டி வேண்டாம், பதிவையே போட்டு ஓட்டுகிறேன் என்றேன்.

"தெனமும் அதக் கேட்டுக்கிட்டு உன்னால ஓட்ட முடியுமா, யோஸ்தைன்?" என்றார் ஆஸ்லாவ்.

"முடியும்."

"அப்புறம் உன் இஷ்டம். ஆனா அழுதுகிட்டே வளைவுல திரும்பாத. எனக்கு இருக்கறது ஒரே வண்டி."

நான் அழவில்லை. அதை நீங்கள் எழுதிக்கொள்ளலாம்.

முதல் நாள், ஏரியைத் தாண்டியதும், "எல்லாரும் வலது பக்கம் பாருங்க, ரோண்டானே எப்படி நிக்குது" என்றாள் இல்வா. எல்லோரும் வலது பக்கம் திரும்பினார்கள். அங்கே ஒரு செம்மறிப் பட்டியும் குப்பைத் தொட்டியும் இருந்தன. மலை இடது பக்கம் இருந்தது.

"மேடம் கண்ணாடியப் பாத்துக்கிட்டுப் பேசறாங்க போல" என்றார் த்ரோன்ஹைமிலிருந்து வந்த ஒருவர். வண்டி சிரித்தது. அவர் கெட்டவர் அல்ல. எனக்கும் கோபம் வரவில்லை. ஒரு தவறு இருந்தது, அதைத் திருத்த வேண்டியிருந்தது, அவ்வளவுதான். எங்கள் பாதை வட்டம். எதிர்த் திசையில் ஓட்டினால் மலை வலது பக்கம் வந்துவிடும். மறுநாளிலிருந்து அப்படி ஓட்டினேன். இல்வா சொல்வது சரியாகிவிட்டது.

எதிர்த் திசையில் போனால் மாலையில் வர வேண்டிய இடங்கள் காலையில் வரும். அந்தந்த இடத்துக்கான பேச்சை மட்டும் எடுத்துப் போடுவேன். டோவ்ரேயில் கஸ்தூரி எருதுகளைப் பற்றிச் சொல்வதற்கு முன், "சாப்பாடு ஆச்சா? யாரும் தூங்கிடாதீங்க" என்கிறாள். ஆகவே மதியச் சாப்பாட்டைக் காலை ஒன்பதரைக்கு மாற்றினேன்.

"ஒம்போதரைக்கு மத்தியானச் சோறா?" என்றார் பேர்கனிலிருந்து வந்த ஒரு பெண். "காலைல தின்ன பிரெட்டே இன்னும் தொண்டையில நிக்குது."

"இந்தப் பள்ளத்தாக்குல இப்படித்தாங்க" என்றேன்.

அவர் பொட்டலத்தைப் பிரித்துச் சாப்பிட்டார். பிறகு எங்கள் இணையப் பக்கத்தில், உள்ளூர்ப் பழக்கங்களை நேரில் அறிய முடிந்தது என்று எழுதி ஐந்து நட்சத்திரம் கொடுத்தார்.

சின்னச் சின்ன வேலைகள் வேறு இருந்தன. ஃபோல்டாலுக்கு அருகே பதிவில் யாரோ தும்முகிறார்கள், இல்வா "நல்லா இருங்க" என்கிறாள். காற்று வரும் துவாரத்தில் கொஞ்சம் மிளகுத்தூள் வைத்தேன். தினமும் ஒருவராவது தும்மினார். இன்னோரிடத்தில், "சிவப்புத் தொப்பிக்காரரே, தலைய இடிச்சுக்காதீங்க" என்கிறாள். ஒரு சிவப்புக் கம்பளித் தொப்பி வாங்கி, காலையில் யாராவது ஒருவர் தலையில் வைத்துவிடுவேன். மறுத்தவர்கள் இரண்டு பேர்தான். எங்கள் மக்கள் வழிகாட்டி சொன்னால் கேட்பார்கள்.

இந்தத் திசையில் கடைசி நிறுத்தம் ரிங்கேபுவுக்கு மேலே உள்ள வெட்டவெளி. சாலையிலிருந்து முந்நூறு அடி தூரத்தில் ஒரு கல்குவியல். எல்லோரும் அதுவரை நடந்து போய்த் திரும்புவார்கள். வண்டியில் ஏறியதும் இல்வா எண்ணுகிறாள். "ஒம்போது, பத்து, பதினொன்னு. எண்ணியாச்சு. போலாம், யோஸ்தைன்."

முழுப் பதிவிலும் அந்த ஓர் இடத்தில்தான் என் பெயர் வருகிறது. வண்டியில் பதினொரு பேர் இருந்தால் அவள் எங்களை எண்ணுகிறாள், என்னிடம் சொல்கிறாள். எண்ணிக்கை தப்பினால் அவள் வேறு ஏதோ ஒரு நாளில், வேறு யாரிடமோ பேசிக்கொண்டிருக்கிறாள் என்று ஆகிவிடும். இது கடினமான கருத்து அல்ல. பதினொரு பேருக்கு மேல் முன்பதிவு எடுக்க வேண்டாம் என்று ஆஸ்லாவிடம் கேட்டேன். ஒப்புக்கொண்டார். ஆள் குறைந்த நாட்களில் பேருந்து நிறுத்தத்தில் நிற்பவர்களை இலவசமாக ஏற்றிக்கொண்டேன். லில்லஹாமரில் பல் மருத்துவரைப் பார்க்க நின்ற ஒரு பையன் இரண்டு பூங்காக்களையும் பார்த்துவிட்டுத் திரும்பினான்.

அவள் பெயரைச் சொன்னதும் நான் வண்டியை எடுப்பேன். உடனே பதிவில் ஒரு பெண், "ஐயையோ, கையுறைய அந்தக் கல்லு மேலயே வெச்சிட்டேன்!" என்கிறார். சிரிப்பு. "ஒத்தக் கையுறைக்காகத் திரும்பிப் போக முடியாதுங்க" என்கிறாள் இல்வா. "நேரமாச்சு. மேகம் வேற கூடுது. நேரா போயிடலாம்." பிறகு இருபத்தாறு நிமிடம் மலைகளைப் பற்றிப் பேசுகிறாள்.

ஆகவே ஒவ்வொரு பயணத்திலும் ஓர் இடது கைக் கையுறையைக் கல்குவியலில் வைத்துவிட்டு வருவேன். திரும்பிப் போய் எடுத்ததில்லை. எண்பத்தேழு வைத்தேன். நீங்கள் நூற்றுக்கு மேல் எண்ணியதாகச் சொன்னீர்கள். மீதியை வழிப்போக்கர்கள் வைத்திருப்பார்கள். ஏதோ பழைய வழக்கம் என்று நினைத்திருப்பார்கள்.

அக்டோபர் முதல் வாரம், இந்த ஆண்டின் கடைசிப் பயணம். ஒட்வார் அப்போதுதான் வந்தார். எழுபது வயது, ஓய்வுபெற்ற நில அளவையாளர். கையில் குடுவை நிறையக் காப்பி. அவர் பன்னிரண்டாவது ஆள். நான் ஆஸ்லாவைத் தொலைபேசியில் அழைத்தேன்.

"ஒரே ஒரு ஆளு தானே?" என்றார். "மனுஷன் நாட்டோட தெக்குக் கோடியிலேர்ந்து வந்திருக்காரு. மடியிலயா ஒக்கார வெக்கப் போற?"

ஏற்றிக்கொண்டேன். தொப்பியை நீட்டியதும் சிரித்துக்கொண்டே போட்டுக்கொண்டார். ஒன்பதரைக்குக் கேள்வி கேட்காமல் சாப்பிட்டார். தும்மினார். அவரைப் போன்ற பயணி கிடைப்பது அரிது. ரோண்டானே நிறுத்தத்தில் என் பக்கத்தில் வந்து நின்றார்.

"அந்தக் கொரல் யாருது தம்பி? மலைய யாரோ சொந்தக்காரங்களப் பத்திப் பேசற மாதிரி பேசுது."

"என் மனைவி."

"இன்னிக்கு லீவா?"

"இறந்துட்டா."

அவர் காப்பியை ஊற்றி என்னிடம் கொடுத்தார். "எனக்கு ஆறு வருஷமாச்சு" என்றார். பிறகு நாங்கள் மலையைப் பார்த்தோம். நான் எல்லாவற்றையும் சொன்னேன். இடது வலது, சாப்பாடு, எண்ணிக்கை, என் பெயர். வேறு யாரிடமும் சொன்னதில்லை. அவர் சிரிக்கவில்லை. விரல் விட்டு எண்ணினார்.

"அப்போ இன்னிக்கு நான் ஒருத்தன் அதிகமா இருக்கேன்."

"ஆமா."

"இதுக்கா மூஞ்சியத் தூக்கி வெச்சிருக்க? நான் அந்தக் கல்லுகிட்டயே நிக்கறேன். நீ வண்டிய எடு. அவங்க எண்ணட்டும், உன் பேரச் சொல்லட்டும். அப்புறம் ஒரு வட்டம் அடிச்சு வந்து என்னைய ஏத்திக்க. அஞ்சு நிமிஷம். எம்பொண்டாட்டி கடைக்குள்ள போனா நான் வெளிய நின்ன நேரத்துக்கு இதெல்லாம் ஒண்ணுமே இல்ல."

அவரே சொன்ன யோசனை அது. இதை அழுத்திச் சொல்வது என்னைக் காப்பாற்றிக்கொள்ள அல்ல. அவர் எப்படிப்பட்டவர் என்று உங்களுக்குத் தெரிய வேண்டும்.

வெட்டவெளியில் நாலு மணிக்குப் பனி விழத் தொடங்கியிருந்தது. பன்னிரண்டு பேரும் கல்குவியல்வரை போனார்கள். பதினொரு பேர் திரும்பினார்கள். ஒட்வார் அங்கிருந்தே கையசைத்தார். அவருடைய பையும் தொலைபேசியும் இருக்கையில் இருந்தன. ஐந்து நிமிடத்துக்கு அவை எதற்கு?

பதிவைப் போட்டேன். "ஒம்போது, பத்து, பதினொன்னு. எண்ணியாச்சு. போலாம், யோஸ்தைன்." வண்டியை எடுத்தேன். அன்று போல் அது என்றைக்கும் சரியாக இருந்ததில்லை. ஒருவர் இடம் விட்டு நின்றதால் அது சரியாக இருந்தது.

பிறகு அந்தப் பெண் கையுறையைப் பற்றிச் சொன்னார். இல்வா, திரும்பிப் போக முடியாது என்றாள். நேராகப் போகலாம் என்றாள்.

நான் நேராகப் போனேன்.

பயணிகள் யாரும் எதுவும் கேட்கவில்லை. எங்கள் ஊரில் தெரியாதவர் பக்கத்து இருக்கையில் உட்காருவதில்லை, பெயர் கேட்பதில்லை, எங்கே இறங்குகிறார் என்று பார்ப்பதில்லை. அது மரியாதை. முன்வரிசையில் இருந்த குட்னி அம்மா, அங்கேயே நின்றுவிட்டவருடைய வீடு அந்தப் பக்கம் இருக்கும் என்று நினைத்ததாக உங்களிடம் சொல்லியிருக்கிறார். அங்கே சுற்றிலும் ஒரு வீடும் கிடையாது. ஆனாலும் நியாயமான ஊகம்.

கீழே சாலைத் தடுப்பை இறக்கிக்கொண்டிருந்தார்கள். புயல், காலைவரை மேலே யாரும் போகக் கூடாது. சாலைப் பணியாளர் என் பக்கக் கண்ணாடியைத் தட்டினார். மஞ்சள் மேலங்கி, மீசையெல்லாம் பனி.

"நல்ல வேளை எறங்கி வந்துட்ட. இன்னும் பத்து நிமிஷம் போயிருந்தா உள்ளயே குடும்பம் நடத்தியிருப்ப. உனக்குப் பின்னால மேல யாராச்சும் இருக்காங்களா?"

இல்வா அப்போதும் பேசிக்கொண்டிருந்தாள். அவர் சொல்வது கேட்பதற்காகக்கூட ஒலியை நான் குறைக்கவில்லை.

"இல்ல" என்றேன். "பதினொரு பேரு."

அவர் டார்ச் அடித்து எண்ணினார். சரியாக இருந்தது. கையசைத்து அனுப்பினார்.

வீட்டுக்குப் போய் ஏன் உங்களை அழைக்கவில்லை என்று கேட்டீர்கள். அழைத்திருந்தால் பன்னிரண்டு பேர் என்று சொல்ல வேண்டியிருந்திருக்கும். தொலைபேசியைக் கையில் எடுத்தேன். பன்னிரண்டு என்பது வாயில் வரவில்லை. ஒட்வாரின் பையை உலர்ந்த இடத்தில் வைத்துவிட்டுப் படுத்தேன். நன்றாகத் தூங்கினேன்.

காலையில் பனி அள்ளும் வண்டிக்காரர்கள் அவரைப் பார்த்தார்கள். தொப்பி சிவப்பாக இருந்ததால் சீக்கிரம் தெரிந்ததாம். தொப்பி நான் கொடுத்தது, அதையும் குறிப்பில் சேர்த்துக்கொள்ளுங்கள். குவியலைச் சுற்றிப் பனி வட்டமாக மிதிபட்டிருந்தது என்றீர்கள். நடந்து நடந்து உடம்பைச் சூடாக்கப் பார்த்திருக்கிறார். இடது கையில் ஒன்றன்மேல் ஒன்றாக ஒன்பது கையுறைகள். வலது கை கோட்டுக்குள். சாலைக்கு வந்து கீழ்நோக்கி நடந்திருக்கலாம். ஆனால் கல்லுகிட்ட நிற்கிறேன் என்று சொல்லியிருந்தார்.

நான் கொன்றேன் என்று எழுதுங்கள், கையெழுத்துப் போடுகிறேன். புயல், தடுப்பு, அவருடைய யோசனை எதுவும் காரணமில்லை. திரும்பிப் போக நேரம் இருந்தது. தடுப்பில் ஒரு வார்த்தை போதுமாக இருந்தது. இரண்டும் எனக்குத் தெரியும்.

பதிவை நிறுத்தும் பொத்தான் கைக்கு எட்டும் தூரத்தில்தானே இருந்தது, ஏன் அழுத்தவில்லை என்று மூன்றாவது முறையாகக் கேட்கிறீர்கள். உங்களுக்குக் கல்யாணம் ஆகியிருக்கும் என்று நினைத்தேன்.

அவள் பேசிக்கொண்டிருந்தாள்.